எட்டடி ஃபிலிமில் செவந்தி

பொன்னமராவதி டூரிங் டாக்கீஸில் ஆபரேட்டராக இருந்த அடைக்கலத்துக்கு ஊரில் ஒருவர்மேலும் மதிப்புக் கிடையாது. பன்னிரண்டு வருஷமாக மெஷின் அறையின் சின்னச் சதுர ஓட்டை வழியாக மனிதர்களைப் பின்மண்டையாகவே பார்த்து வந்தவர். திரையில் கதாநாயகன் ஏழைக்கு ஒரு வாய் சோறு போட்டால் மணலில் உட்கார்ந்து கைதட்டுவார்கள். மூக்கைச் சிந்திச் சிந்தி அழுவார்கள். படம் முடிந்ததும் வாசலில் கையேந்துகிற கிழவியைத் தாண்டிக்கொண்டு போவார்கள். "இதுகளுக்கெல்லாம் என்னத்துக்குக் கண்ணு?" என்று சொல்லிவிட்டு அடைக்கலம் பீடியைப் பற்ற வைப்பார். மெஷின் அறையில் பீடி பிடிக்கக்கூடாது என்று எழுதிப் போட்டிருந்தது. எழுதிப் போட்ட முதலாளிமேலும் அவருக்கு மதிப்பில்லை.

அவர் இளக்காரமாக நினைத்தவர்களில் முதலிடம் உடையப்பனுக்கு. சமஸ்தானம் கலைந்த நாற்பத்தெட்டாம் வருஷம் மலாயாவிலிருந்து வந்து இறங்கியவர் உடையப்பன். ரப்பர் தோட்டத்தில் கங்காணி. அங்கே யாரை எப்படி விரட்டிச் சம்பாதித்தாரோ, இங்கே வந்து ஒரு ரைஸ் மில்லை வாங்கி முதலாளி ஆகிவிட்டார். அவரோடு இரண்டு டிரங்குப் பெட்டியும், ஒரு படம் பிடிக்கிற கேமராவும், பிடித்ததைப் போட்டுப் பார்க்கிற மெஷினும் வந்தன. சாவி கொடுத்து ஓட்டுகிற பதினாறு எம்.எம். கேமரா. ஒரு முறை சாவி கொடுத்தால் அரை நிமிஷம்கூட ஓடாது. மனுஷருக்கு அந்த அரை நிமிஷம் போதும், தலைகால் தெரியாமல் ஆடுவதற்கு.

என்னத்தைப் பிடித்தார் என்கிறீர்கள்? தன் வீட்டைப் பிடித்தார். தன் மாட்டைப் பிடித்தார். தான் காப்பி குடிப்பதையும், கைக்கடிகாரத்தைப் பார்ப்பதையும், தன் மில் புகைபோக்கியை அண்ணாந்து பார்ப்பதையும் பக்கத்திலிருப்பவன் கையில் கேமராவைக் கொடுத்துப் பிடிக்கச் சொன்னார். மனைவி அமிர்தவல்லியை வெறுங்குடத்தோடு கிணற்றுக்கு மூன்று தரம் நடக்க விட்டார். மூன்றாவது தரம் அந்த அம்மாள் குடத்தைப் போட்டுவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டதும் ஃபிலிமில் இருக்கிறது. பிடித்த சுருளைத் தபாலில் பம்பாய்க்கு அனுப்புவார். ஒரு மாதம் கழித்துக் கழுவி வரும். வந்ததைக் கூடத்தில் போட்டு விருந்தாளிகளுக்குக் காட்டுவார். வேலைக்காரர்களுக்கு உள்ளே இடமில்லை.

அந்த வேலைக்காரர்களில் அடைக்கலமும் ஒருவர். அப்போது இருபத்தொன்பது வயது. கேமராப் பெட்டியைச் சுமப்பதும் குடை பிடிப்பதும் அவர் வேலை. வெயில் பட்டால் பெட்டிக்குள் ஃபிலிம் உருகிவிடும் என்று உடையப்பனுக்கு ஒரு பயம். சூரியன் முதுகுக்குப் பின்னால் இருக்கவேண்டும், குடை தலைக்கு மேலே இருக்கவேண்டும். இதுதான் அவருக்குத் தெரிந்த சினிமாக் கலை.

ஐம்பத்தொன்றில் மழை பொய்த்தது. கண்மாய் வெடித்துக் கிடந்தது. ஜனங்கள் புளியங்கொட்டையை வறுத்துத் தின்றார்கள். அந்த வருஷந்தான் உடையப்பனுக்குக் கஞ்சித்தொட்டி வைக்கிற யோசனை வந்தது. யோசனை கஞ்சியைப் பற்றியது அல்ல, படத்தைப் பற்றியது.

"நூறு பேராவது வரிசையில நிக்கணும்டா. ஆள் பத்தலைன்னா அசலூர்லேருந்து கூட்டிட்டு வா" என்றார்.

அடைக்கலம் எப்படியோ அறுபது பேரைச் சேர்த்தார். ஆறு மைல் தள்ளி வாழ்க்கைப்பட்டிருந்த தங்கச்சி செவந்திக்கும் ஆள் விட்டார். செவந்தியின் புருஷன் கொழும்புக்குப் போனவன், போனதோடு சரி. நான்கு வயதுப் பெண் ராசாத்தியைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு, ஒரு மண்சட்டியை எடுத்துக்கொண்டு செவந்தி ஆறு மைலும் நடந்து வந்தாள்.

அண்டாவில் கஞ்சி இல்லை, வெந்நீர் இருந்தது. "படத்துல தண்ணி எது, கஞ்சி எதுன்னு தெரியவா போகுது? ஆவி பறந்தா போதும். எடுத்து முடிச்சுட்டுக் காய்ச்சிக்கலாம்" என்றார் உடையப்பன். ஜனங்கள் வரிசையில் வந்தார்கள். மில் ஆட்கள் அகப்பையால் ஊற்றினார்கள். கேமராவைத் தாண்டியதும், "வாங்குனதத் திருப்பி அண்டாவுல ஊத்துங்க. மறுபடி வாங்க" என்று உடையப்பன் சத்தம் போட்டார். திருப்பி ஊற்றினார்கள். மறுபடி வந்தார்கள். இப்படி மூன்று தரம். பசித்தவர்களுக்கு ரோஷம் வர நேரமாகும். கஞ்சி பிற்பாடு வரும் என்று நம்பிக்கொண்டே சுற்றினார்கள்.

நான்காவது தரம்தான் செவந்தி வந்து சேர்ந்து, வரிசையின் கடைசியில் நின்றாள். சட்டியில் வெந்நீரை வாங்கினாள். இரண்டு எட்டு நடந்து, கேமராவுக்கு நேரே நின்று, சட்டியைக் கவிழ்த்தாள். பிறகு விடுவிடுவென்று ஊரைப் பார்த்து நடந்துவிட்டாள். அண்ணனிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. அதன்பிறகு ஒருவருக்குமே கஞ்சி காய்ச்சவில்லை. பொழுது சாய்ந்துவிட்டது, இனிமேல் படம் விழாது, கஞ்சி எதற்கு? அடுத்த மாதம் பேதி கண்டு செவந்தி செத்துப்போனாள். சேதி வந்து அடைக்கலம் போவதற்குள் புதைத்துவிட்டார்கள். பெண் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தவர், உடையப்பன் வீட்டுப் பக்கம் திரும்பவில்லை. டூரிங் டாக்கீஸில் வேலைக்குச் சேர்ந்து, அறுந்த ஃபிலிமை ஒட்டக் கற்று, ஆபரேட்டர் ஆனார்.

ராசாத்திக்குத் தாய் முகம் ஞாபகமில்லை. செவந்தியை ஒருவரும் போட்டோ பிடித்ததில்லை. அதனால் அடைக்கலம் ஒரு கதையைச் சொல்லியே அவளை வளர்த்தார். "ஒங்க ஆத்தா இருக்காளே, அம்புட்டுப் பேரும் ஆமாஞ்சாமி போட்டுக்கிட்டு நிக்கையில, அவ ஒருத்திதான் அந்தக் கங்காணி மூஞ்சிக்கு நேரா சட்டியக் கவுத்துனா. அவரக் காறித் துப்புறாப்புல பாத்தா பாரு ஒரு பார்வ!" இந்தக் கதையைச் சொல்லும்போது அவர் குரலே மாறிவிடும். ராசாத்திக்கும் அது மனப்பாடம். பள்ளிக்கூடத்தில் யாராவது, "ஒனக்கு ஆத்தா இல்லை" என்றால் இந்தக் கதையைத்தான் பதிலுக்குச் சொல்வாள்.

அறுபத்துநாலில் உடையப்பனுக்கு அறுபது வயது வந்தது. மணிவிழாவுக்கு மேளம் உண்டு, விருந்து உண்டு. அவருக்கு அது போதவில்லை. பதினாறு வருஷமாகப் பிடித்த சுருளையெல்லாம் சேர்த்து ஒட்டித் தன் வாழ்க்கையையே ஒரு சினிமாவாகக் காட்டவேண்டும் என்று ஆசை வந்துவிட்டது. ஒட்டத் தெரிந்த ஆள் அந்த வட்டாரத்தில் ஒருவர்தான். ஆள் அனுப்பினார்.

அடைக்கலம் போகாமல் இருந்திருக்கலாம். ராசாத்திக்கு வைகாசியில் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. தாய்மாமன் என்று பந்தலில் முன்னால் நின்று மாலை போட்டுச் சீர் செய்யப் போகிறவர் அவர். அதற்குமுன் பெண் தன் தாயின் முகத்தை ஒரு தரம் பார்க்கவேண்டும் என்று நினைத்தார். அந்த முகம் உலகத்திலேயே ஒரே இடத்தில்தான் இருந்தது, உடையப்பனின் தகர டப்பாவில். அதற்காகத்தான் பதின்மூன்று வருஷம் கழித்து அந்த வாசற்படியை மிதித்தார்.

உடையப்பன் அவரை நிற்கவைத்தே பேசினார். "நீயாடா? ஆபரேட்டராமே இப்ப! நல்லா இரு. படத்துக்குப் பேரு வச்சாச்சு. 'ஊர் காத்த உடையப்பன்'. போர்டு எழுதறவன்ட்ட எழுதி வாங்கிட்டேன். நீ இங்கிட்டு ஒக்காந்து ஒட்டு."

"சரிங்க மொதலாளி" என்றார் அடைக்கலம். 'எந்த ஊரை எவனிடமிருந்து காத்தாராம்' என்று மனசுக்குள் கேட்டுக்கொண்டார்.

ஒட்டுவது ஒன்றும் மாயமில்லை. ஃபிலிமின் ஓரத்தை எச்சில் தொட்டு நனைத்து, பிளேடால் மேல்பூச்சைச் சுரண்டி, சிமெண்ட் என்கிற பசையைத் தடவி, இரண்டு நுனியையும் ஒன்றின்மேல் ஒன்று வைத்து அழுத்தி, இருபது எண்ணவேண்டும். ஆனால் அப்படி ஒட்டிக்கொண்டே பதினாறு வருஷத்து உடையப்பனைப் பார்ப்பது பெரிய பாடாக இருந்தது. காப்பி குடிக்கும் உடையப்பன், குதிரைமேல் ஏறத் தெரியாமல் ஏறும் உடையப்பன், பேரனைத் தூக்குவதற்குமுன் தலையைச் சீவிக்கொள்ளும் உடையப்பன். ஒரு சுருளில் பாதி, கண்ணாடியில் தன்னைத் தானே பிடித்திருந்தார். கோயில் திருவிழாவைப் பிடிக்கப் போன இடத்திலும் தேரைவிட அவருடைய புதுச் செருப்புத்தான் அதிகம் இருந்தது. ஊமைப் படம் என்பது ஒன்றே ஆறுதல்.

படத்தின் முடிவுக்கென்று வைத்திருந்த கஞ்சித்தொட்டிச் சுருள் வந்தபோது உடையப்பன் நாற்காலியை இழுத்துப்போட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"நாலு தரம் எடுத்தோம்ல? நாலையும் ஒட்டு" என்றார்.

"நல்லா வந்த ஒண்ண மட்டும் வச்சாப் போதும்ங்க. மத்தத வெட்டிருவோம்."

"ஒனக்கென்னடா தெரியும்? ஒண்ண வச்சா அறுபது பேரு. நாலையும் வச்சா எரநூத்தி நாப்பது பேருக்குக் கஞ்சி ஊத்துன மாதிரி இருக்கும்ல?"

அடைக்கலத்துக்குச் சிரிப்பு தொண்டைவரைக்கும் வந்துவிட்டது. பார்க்கப்போகிறவர்களும் அந்த அறுபது பேர்தானே, ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியாதா என்று கேட்கவில்லை. கெட்டு ஒழியட்டும் என்று நான்கையும் ஒட்டினார்.

நான்காவதன் கடைசியில் செவந்தி இருந்தாள். ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். ஒவ்வொரு கட்டமும் சுண்டுவிரல் நகத்தளவு. சேலை தெரிந்தது, கவிழ்ந்த சட்டி தெரிந்தது, முகம் ஒரு கடுகாகத் தெரிந்தது. அதற்குமேல் வெறுங்கண்ணுக்குப் பிடிபடவில்லை. அளந்து பார்த்தார். எட்டடி. மெஷினில் ஓடினால் இருபது விநாடி.

உடையப்பன் கண்ணில் அது பட்டுவிட்டது. "அது எவ? கஞ்சியக் கீழ கொட்டுறா! மணிவிழாவுல கவுத்த சட்டியக் காட்டுனா வெளங்குமா? வெட்டுடா."

எவள் என்று கேட்டார். மறந்தே போயிருந்தார். அடைக்கலம் வெட்டினார். "மொதலாளி, இந்தத் துண்ட நான் எடுத்துக்கிறேங்க. எந்தங்கச்சிங்க அது. செத்துப்போச்சு. வேற படம் இல்லீங்க" என்று கேட்டார். வாழ்நாளில் அவர் ஒருவரிடம் கெஞ்சியது அந்த ஒரு தரம்தான்.

"ஒருத்தன் கையிலயும் போகக்கூடாது. நாளைக்கு எவனாவது அத வச்சுக்கிட்டு, 'கஞ்சி நல்லால்லன்னு கொட்டுனாக'ன்னு பேசுவான். எங்கண்ணு முன்னால கொளுத்து."

அடைக்கலம் தீப்பெட்டியை எடுத்தார். கீழே கிடந்த கழிவுச் சுருளில் எட்டடி நீளத்துக்கு ஒரு கறுப்புத் துண்டை உருவி வாசலில் வைத்துக் கொளுத்தினார். அது சுருண்டு நாற்றமடித்துக் கருகியது. பதினாறு வருஷம் படம் பிடித்த மனுஷர், எரிகிற துண்டில் படம் இருக்கிறதா இல்லையா என்றுகூடத் தெரியாமல் திருப்தியாகத் தலையாட்டினார். செவந்தி அடைக்கலத்தின் சட்டைப்பையில் சுருண்டு கிடந்தாள்.

அதை அவர் வீட்டில் வைத்துக் காட்டியிருக்கலாம் என்றால் மெஷின் ஏது? டாக்கீஸ் மெஷினில் முப்பத்தைந்து எம்.எம். ஃபிலிம்தான் ஓடும். இந்தச் சின்ன ஃபிலிமை ஓட்டுகிற மெஷின் உடையப்பனிடம் மட்டுமே இருந்தது. அதுவும் மணிவிழாவன்று மில்லில் ஓடப்போகிறது. யோசிக்க யோசிக்க அடைக்கலத்துக்கு உடம்பெல்லாம் சந்தோஷம் பரவியது. ஊரைக் கூட்டிவைத்துக் கங்காணியின் மூஞ்சிக்கு நேரே செவந்தி இன்னொரு தரம் சட்டியைக் கவிழ்க்கட்டும்! உடையப்பன் ஒரு முறை போட்டுப் பார்த்துச் சரி சொன்ன பிறகு, விழாவுக்கு முந்தின நாள், எட்டடியை அது இருந்த இடத்திலேயே திரும்ப ஒட்டினார்.

"நாளைக்கு ஒங்க ஆத்தா மொகத்த வெள்ளத்துணியில காட்டுறேன். முன்னாடியே வந்து எம்பக்கத்துல ஒக்காந்துக்க" என்று ராசாத்தியிடம் சொன்னார்.

அவள் அன்றைக்குச் சரியாகச் சாப்பிடவில்லை. "என்னைய மாதிரி இருக்குமா மாமா?" என்று இரண்டு தரம் கேட்டாள்.

விருந்து முடிந்த பகல் நேரம். மில்லின் நெல் கொட்டகையில் ஜன்னல்களுக்கெல்லாம் சாக்கு கட்டி இருட்டாக்கியிருந்தார்கள். முன்வரிசை நாற்காலியில் மாலையும் வேர்வையுமாக உடையப்பன். அவரைப் பார்க்கவும் வேண்டாமே என்று கொஞ்சம் தள்ளி அமிர்தவல்லி. பின்னால் சாக்குமேல் ஊர் ஜனம். மெஷின் நடுவில் ஒரு மேஜைமேல் இருந்தது. ஓட்டை இல்லை, சுவர் இல்லை. அடைக்கலம் முதல் தடவையாக ஜனங்களுக்கு நடுவில் நின்று படம் ஓட்டினார். மேஜைக் காலை ஒட்டி ராசாத்தி உட்கார்ந்திருந்தாள்.

காப்பி, குதிரை, கண்ணாடி எல்லாம் போயிற்று. ஜனங்கள் வயிறு நிறைந்த சோம்பலில் கொட்டாவி விட்டார்கள். கஞ்சித்தொட்டி வந்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள்.

"ஏ, இருளாயி! நீயில்ல அது?"

"ஆமாப்பா. நாந்தான். வாயுடஞ்ச சட்டியப் பாரு."

வரிசை முடிந்தது. ஒட்டு ஒன்று டக்கென்று தாண்டியது. மறுபடி அதே வரிசை. மறுபடி அதே வாயுடைந்த சட்டியோடு இருளாயி.

"அடியே, ரெண்டு தரம் வாங்கியிருக்கியே!"

மூன்றாவது தரம் இருளாயி வந்தபோது கொட்டகை முழுக்கச் சிரிப்பு. நான்காவது தரம் வந்தபோது இருளாயியே எழுந்து நின்றுவிட்டாள். "நாலு தரம் வாங்குனேன், சாமி! நாலு தரமும் வெந்நியத் திருப்பி ஊத்துனேன். எம்புட்டு வெந்நி! இன்னும் செமிக்கல எனக்கு!" என்று கையைத் தட்டிச் சிரித்தாள். உடையப்பன் திரும்பிப் பார்த்தார். மாலை நழுவியது. அந்தக் கழுத்தைப் பார்த்து அடைக்கலம் பதின்மூன்று வருஷப் பசி தீர்ந்ததுபோல் நின்றார்.

அப்போது செவந்தி வந்தாள்.

கடுகாக இருந்த முகம் ஆள் முகமளவுக்கு வந்தது. சிரிப்பு பொட்டென்று நின்றுபோயிற்று. "ஏ ஆத்தே, செவந்தி" என்று யாரோ மெதுவாகச் சொன்னார்கள். இரண்டு எட்டு நடந்தாள், நின்றாள், சட்டியைக் கவிழ்த்தாள். வெந்நீர் காய்ந்த தரையில் விழுந்தது. ஒரு பருக்கை இல்லை என்பது எல்லாருக்கும் தெரிந்தது. அந்த ஈரத்துக்குப் பக்கத்தில் சூரியன் இரண்டு நிழலைப் போட்டிருந்தது. ஒன்று, முகத்தில் பெட்டியை வைத்துக்கொண்டு நிற்கிற நிழல். அதற்கு இடதுபுறம், விரித்த குடையோடு இன்னொரு நிழல்.

செவந்தி பெட்டி வைத்திருந்தவரைப் பார்க்கவேயில்லை. அவரை ஒரு ஆளாகவே மதிக்கவில்லை. அவள் கண் குடை பிடித்தவன்மேல் இருந்தது. இருபது விநாடியும் அங்கேயே இருந்தது. அடைக்கலம் ஊரெல்லாம் சொல்லி வந்த அந்தக் காறித் துப்புகிற பார்வை அதேதான், ஒரு இம்மி குறையவில்லை.

"நிப்பாட்டுடா!" என்று உடையப்பன் எழுந்து கத்தினார். அவர் தலை துணியில் நிழலாக விழுந்தது. இந்தக் கத்தலைக் கேட்கத்தான் அடைக்கலம் இவ்வளவும் செய்தார். இப்போது அது காதில் ஏறவில்லை. யாரோ சாக்கைப் பிடுங்கினார்கள். வெயில் உள்ளே வந்தது. ஜனங்கள் எழுந்து போனார்கள். இருளாயி மட்டும் போகிறபோது அடைக்கலத்தை ஏற இறங்கப் பார்த்துவிட்டுப் போனாள். அன்றைக்கு வரிசையில் நின்றவளுக்கு, குடை பிடித்தது யார் என்று தெரியாதா?

ராசாத்தி எழுந்து மேஜைக்கு அருகில் நின்றாள்.

"மொதலாளி நிழலு இங்கிட்டு இருந்துச்சு. ஆத்தா அங்கிட்டுல்ல பாத்துச்சு? குடை புடிச்சது யாரு மாமா?"

யாரோ ஒருவன் என்று சொல்லியிருக்கலாம். அவள் நம்பவும் செய்திருப்பாள்.

"நாந்தான்" என்றார்.

"ஆத்தாவ வரச்சொல்லி ஆள் விட்டது?"

"நாந்தான்."

"அண்டாவுல தண்ணிதான்னு ஒங்களுக்குத் தெரியுமா?"

"காலையில எறச்சு ஊத்துனதே நாந்தான், தாயி. எடுத்து முடிச்சதும் காய்ச்சுவாகன்னு நெனச்சேன். ஒங்க ஆத்தா முன்னால வந்து நிக்கையிலயாவது சொல்லியிருக்கலாம். வேலை போயிரும்னு வாய மூடிக்கிட்டுக் குடையத் தூக்கிப் புடிச்சேன்."

ஊரில் ஒருவனையும் மதிக்காதவர் அதைச் சொல்லிவிட்டுத் தரையைப் பார்த்து நின்றார். ஓடி முடிந்த சுருள் மெஷினில் பட்பட்டென்று அடித்துக்கொண்டிருந்தது. அதை நிறுத்தவேண்டும் என்றுகூடத் தோன்றவில்லை. ராசாத்திதான் ஸ்விட்சை அணைத்தாள்.

"அந்தத் துண்ட எனக்கு வெட்டிக் குடுங்க" என்றாள்.

வெட்டிக் கொடுத்தார். சுருட்டி முந்தானையில் முடிந்துகொண்டாள். வாசல்வரைக்கும் போனவள் நின்று, திரும்பிப் பார்க்காமலே சொன்னாள்.

"வைகாசியில பந்தல்ல நீங்க முன்னால நிக்க வேணாம். விராலிமலையில இருக்க ஒண்ணுவிட்ட மாமன் முத்துராமன் சீர் செய்யட்டும். ஒங்களை வர வேணாம்னு சொல்லல. வாங்க, ஒக்காந்து வயிறாரச் சாப்புட்டுப் போங்க."

அடைக்கலம் சரி என்று தலையாட்டினார். அவள் அதைப் பார்க்கவில்லை.